மாவு முகம்

கோலமாவு அரைக்கும் அந்த மில்லில் முகம் பார்த்து வருகை பதியும் மெஷின் மாட்டிய அன்று, வேலைக்கு நடுவில் கூப்பிட்டு நிறுத்தித்தான் மாடத்தியின் முகத்தைப் பதிந்துகொண்டார்கள். சாயங்காலம் வெளியே போகும்போது அது முகத்தைப் பார்த்துப் பச்சை காட்டினால்தான் அன்றைய கூலி. இன்று 'அன்றாட வாழ்க்கையில் விஞ்ஞானம்' என்று படம் எடுக்க வந்த ஜெனிட்டா, "மாவுல முகமே தெரியலையேம்மா, கழுவிட்டு வாங்க, அழகா எடுத்திரலாம்" என்று தன் சோப்பையே கொடுத்தாள். மாடத்தியும் ஆசையாகத்தான் கழுவிவிட்டு வந்து நின்றாள். சிவப்பு எரிந்தது. தலையைச் சாய்த்துப் பார்த்தாள், சிரித்துப் பார்த்தாள், சிவப்புதான். "சினிமாக்காரி ஆயிட்டால்லா, அதான் மெஷினு கண்டுக்க மாட்டேங்கு" என்று பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள். "யக்கா, ஆறு மணிக்கு மெஷின் அணைஞ்சிரும்" என்றான் வாட்ச்மேன் சுடலை. இன்றைய கூலியில்தான் அவள் வீட்டுக்கு அரிசி வாங்க வேண்டும். ஜெனிட்டா பதறிப்போய்க் கேமராவைக் கீழே வைத்துவிட்டு, மாவை அள்ளி அள்ளி மாடத்தியின் முகத்தில் பூசினாள். அப்போதும் சிவப்புதான். ஜெனிட்டா தன் வேர்வையை அதே மாவுக் கையால் முகமெல்லாம் வழித்துக்கொண்டு, "இதுக்கு என்னதான் கோளாறு?" என்று மெஷினைக் குனிந்து பார்த்தாள். பச்சை எரிந்தது. "மாடத்தி, நன்றி, போய் வாருங்கள்" என்றது மெஷின். "கூலி விழுந்துட்டு யக்கா" என்ற சுடலை, "நாளைக்கும் இந்தம்மா வந்து நிப்பாங்களா?" என்று கேட்டான். ஜெனிட்டா முகத்தைத் துடைக்கக் கைக்குட்டையை எடுத்தாள். மாடத்தி பாய்ந்து அந்தக் கையைப் பிடித்துக்கொண்டாள்.