கோப்ரல் கேட்ட கேள்வி

அரிசி மூட்டைகளுக்குப் பின்னாலிருந்து பிரேமலாவை வெளியே கொண்டு வந்தார்கள். கைகளைப் பிளாஸ்டிக் பட்டையால் கட்டியிருந்தார்கள்.

அவள் கணவர் ஹேமநாதன் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். மூட்டைகள் பக்கம் கையைக் காட்டியது அவர்தான்.

எழுந்திருக்க வேண்டும் என்று தோன்றியது. நாற்காலியின் கையைப் பிடித்தபடி உட்கார்ந்தே இருந்தார்.

எல்லாம் பயிற்சிதான். கோத்தா திங்கியில் செம்பனைக் காட்டுக்கு நடுவே ராணுவம் கட்டிய பொய்க் கிராமம் அது. பலகை வீடுகள், ஒரு கடை, ஒரு கிணறு. கிராமத்து ஜனங்களாக நடிக்க வெளியிலிருந்து ஆள் எடுத்திருந்தார்கள். காட்டுக்குள் பதுங்கியிருக்கும் கலகக்காரர்களுக்கு ரகசியமாகச் சோறு கொண்டு போகிறவள் வேடம் பிரேமலாவுக்கு. அது அவள்தான் என்று கிராமத்தில் எல்லாருக்கும் தெரியும். யாரும் சொல்லக் கூடாது. சாயங்காலம் வரை வாய் திறக்காமல் இருந்தால் கிராமம் ஜெயித்தது.

வேடம் பிரித்துக் கொடுத்த அன்றைக்கே, கடைக்காரியாக நடித்த செசிலியா சிரித்தாள். "அண்ணன்கிட்ட கேட்டா போச்சுலா! ஃபேக்டரி கேட்ல ஜாகா, காவலுக்கு நிக்கிறவரு. யூனிஃபார்மப் பாத்தாலே சல்யூட் அடிச்சிருவாரு."

பிரேமலா சிரிக்கவில்லை. "எங்க வீட்டுக்காரரு வாயத் தொறக்க மாட்டாரு. நீ உன் வாயப் பாத்துக்க."

கல்யாணமாகி இத்தனை வருஷத்தில், வெளியாள் முன்னால் அவள் தனக்காகப் பேசி ஹேமநாதன் கேட்டதில்லை. வேலைக்குப் போகும்போதும் வரும்போதும் அதையே நினைத்துக்கொண்டிருந்தார்.

இன்று காலையில் முழுப் படையும் வந்தது. லாரிகள், கவச வண்டி, தலைக்கு மேலே ஹெலிகாப்டர் வேறு. கதவுகளை உதைத்தார்கள். ஆண்களை வரிசையாகக் குந்த வைத்தார்கள். ஓர் அதிகாரி ஹேமநாதனின் காதருகே குனிந்து மலாயில் கத்தினார். எச்சில் கன்னத்தில் தெறித்தது.

அவர் மண்ணையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு வார்த்தை வரவில்லை.

முட்டி வலித்தது. ஆனாலும் பெருமையாக இருந்தது. ஓரக்கண்ணால் பிரேமலாவைப் பார்த்தார். அவளும் அவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

படை வெறுங்கையோடு திரும்பியது. மேஜர் வீரர்களை நிற்க வைத்துத் திட்டியது கிராமம் வரைக்கும் கேட்டது. எதிரி உங்கள் முன்னால் வந்து நிற்கப் போவதில்லை, இந்தக் கிராமத்தார் வீட்டுச் சோற்றைத் தின்றுவிட்டுக் காட்டுக்குள் போய்விடுவான், இவர்கள் உங்களை வெறுத்தால் டாங்கி வைத்திருந்தும் பிரயோஜனம் இல்லை என்றார்.

மத்தியானம் வேறு மாதிரி வந்தார்கள்.

கொஞ்சம் பேர்தான். தலைக்கவசம் இல்லை. துப்பாக்கியை முதுகுப் பக்கம் தள்ளிவிட்டிருந்தார்கள். ஒருவர் மருந்துப் பெட்டியைத் திறந்து வைத்து வருகிறவர்களுக்கெல்லாம் பிரஷர் பார்த்தார். இன்னொருவர் கிணற்றுக் கயிற்றைச் சரி பண்ணினார்.

காஹாங் ஊரைச் சேர்ந்த கோப்ரல் ரூபேந்திரனுக்குத் தமிழ் தெரியும். ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு, "உக்காருங்க அங்கிள், காலையிலேர்ந்து குந்த வச்சிட்டானுங்க" என்றான். ஹேமநாதன் உட்கார்ந்ததும் ஒரு கோப்பையை அவர் கையில் கொடுத்துவிட்டு, அவன் தரையில், அவர் கால் பக்கத்தில் உட்கார்ந்தான்.

சீருடை போட்ட ஒருத்தன் தனக்குக் கீழே உட்கார்ந்து அவர் பார்த்ததே இல்லை. செனாயில் அவர் காவல் நிற்கும் தொழிற்சாலையில் மேனேஜர்கள் கார் கண்ணாடியைக்கூட இறக்க மாட்டார்கள்.

கொஞ்ச நேரத்தில் வீரர்கள் மூட்டைகளுக்குப் பின்னால் போனார்கள்.

பிரேமலாவை அவர் முன்னால்தான் நடத்திக்கொண்டு போனார்கள். அவள் திட்டவில்லை. அவர் பக்கம் பார்க்கவும் இல்லை.

செசிலியாதான் நின்று கேட்டாள். "காலையில அந்தக் கத்து கத்துனான், நீங்க அசையல. இப்ப என்னலா ஆச்சு, அண்ணே?" குரலில் கேலி இல்லை.

பிறகு எல்லாரையும் கொட்டகையில் கூட்டினார்கள். பிரேமலாவின் கட்டை அவிழ்த்துவிட்டிருந்தார்கள். மணிக்கட்டைத் தேய்த்துக்கொண்டே வந்தாள். ஹேமநாதன் தள்ளி உட்கார்ந்து பெஞ்சில் இடம் விட்டார். அவள் போய் செசிலியா பக்கத்தில் உட்கார்ந்தாள்.

மேஜருக்கு ஒரே சந்தோஷம். ரூபேந்திரனை முன்னால் கூப்பிட்டார். காலையில் அத்தனை பேர் கத்தியும் சொல்லாதவர் உன்னிடம் சொல்லியிருக்கிறார், அப்படி என்ன கேட்டாய், அதே வார்த்தையில் சொல்லு, அடுத்து வருகிறவர்களுக்கும் சொல்லித் தரலாம் என்றார்.

ரூபேந்திரன் வாயைத் திறந்தான். மூடினான். அவன் கண் ஹேமநாதன் மேல் வந்து நின்றது.

ஹேமநாதன் தலையைக் குனிந்துகொண்டார். காது இரண்டும் சுட்டது.

நிறையக் கேள்வி கேட்டேன், துவான், என்றான் ரூபேந்திரன் மலாயில். சுற்றிச் சுற்றி விடாமல் கேட்டேன். பாவம், கடைசியில் வேறு வழியில்லாமல்தான் சொன்னார்.

வீரர்கள் தலையாட்டிக் கேட்டுக்கொண்டார்கள். பிரேமலா முதல் தடவையாகக் கணவர் பக்கம் திரும்பினாள்.

வேனில் ஏறும்போது அவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். "ரொம்ப நெருக்கிட்டானா?" என்று மெதுவாகக் கேட்டாள்.

ஹேமநாதன் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார்.

"ஆமா. விடவே இல்ல."

"சரி, விடுங்க." அவர் சட்டைத் தோளில் ஒட்டியிருந்த மண்ணைத் தட்டிவிட்டாள்.

ரூபேந்திரன் அவரிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான். தேத்தண்ணிக்குச் சீனி போதுமா, அங்கிள்?