ஆளில்லாத குதிரை

“படத்தைப் போடாதீங்கன்னு எத்தினி வாட்டி...”

“போடலைன்னா உங்கம்மா வாயே தொறக்க மாட்டாங்க, சந்தனா. நேத்தும் பட்டினி. பொழுது சாஞ்சிட்டா நம்ம வூட்டுல சோறும் கிடையாது.”

ஜீவகுமார் செல்போனைப் பட்டு நூல் பெட்டியின் மேல் சாய்த்து வைத்தார். சமண வீடு, இருட்டிய பின் சாப்பிடுவதில்லை. மாமியார் சாந்தமதி ஒரு காலத்தில் ஆரணியிலிருந்து போய்ச் சின்னச் சின்னச் சண்டைப் படங்களில் நடித்தவர். இப்போது தன் படம் ஓடினால்தான் சாப்பிடுவார்.

“அம்மா குதிரை ஓட்டுற படம் பாத்தாங்க. மறுநாள் போட்டா குதிரை மட்டும் ஓடுது, மேல ஆளில்ல. அன்னைக்கே அம்மாவுக்குக் கால் விளங்காம போச்சு.”

“தெரியும்.”

“கத்திச் சண்டை பாத்தாங்க. இப்ப அதுல கதாநாயகன் தனியா கத்தி வீசிகினு இருக்கான். அம்மாவுக்குக் கை தூக்க முடியல.”

“தெரியும்மா. மிச்சம் ஒண்ணுதான் இருக்குது.”

அந்தப் படத்தில் சாந்தமதிக்குச் சண்டையே இல்லை. ராஜசபையில் நின்று நீளமாக வசனம் பேசுவார், அவ்வளவுதான்.

சன்னலில் வெயில் மஞ்சளாகியிருந்தது. சந்தனா பிசைந்த சோற்றையே திரும்பவும் பிசைந்துகொண்டிருந்தாள்.

கட்டிலிலிருந்து குரல் கணீரென்று வந்தது.

“பசிக்குது கண்ணு. வெளிச்சம் போறதுக்குள்ள படத்தைப் போடு.”