ஹென்னிங் செய்கிற மாதிரி

முதல் உருண்டை தண்ணீரில் விழுந்ததும் பிளந்தது. இரண்டாவது, கரண்டி படுவதற்குள் கரைந்தே போனது.

மூன்றாவதைக் கையில் வைத்துக்கொண்டு ரூபெர்ட் பானையை முறைத்தான். தண்ணீர் கஞ்சி மாதிரி வெளுத்துக் குதித்துக்கொண்டிருந்தது.

மேசையில் முள்கரண்டியோடு காத்திருந்தாள் ரெஸி. ஒன்பது வயது மகள். மணவிலக்குக்குப் பிறகு ஒரு வாரம் விட்டு ஒரு வாரம், சனி ஞாயிறு மட்டும் அவனிடம் வருவாள். மற்ற நாளெல்லாம் அம்மா பிர்கிட்டோடும், பிர்கிட் இரண்டாவதாகக் கட்டிக்கொண்ட ஹென்னிங்கோடும்.

இந்த வினையே அந்த ஹென்னிங்கால் வந்ததுதான்.

போன தடவை வந்திருந்தபோது, கடையில் வாங்கிவந்த வறுத்த கோழியைக் கொறித்துக்கொண்டே சொன்னாள்.

"ஹென்னிங் பண்ற க்னோடெல் வாயில வெச்சதும் அப்படியே கரையும்ப்பா."

அவ்வளவுதான் சொன்னாள். அது அவனைத் தூங்கவிடவில்லை.

வடக்கே ஹாம்பர்க் துறைமுகத்துக்காரன். மீன் தின்று வளர்ந்தவன். அவன் தெற்கே பவேரியாவுக்கு வந்து, ஒரு பவேரியக்காரன் பெற்ற பெண்ணுக்கு, க்னோடெல் என்கிற இந்த ஊர்ப் பாலாடைக்கட்டி உருண்டை பிடித்துப் போடுகிறானாம். அவள் அதைப் புகழ்ந்து பேசுகிறாளாம். கிடங்கில் பெட்டி அடுக்கும்போதும் ரூபெர்ட்டுக்கு வயிறு எரிந்தது. பெண்டாட்டியைக் கொண்டுபோனபோதுகூட இப்படி எரியவில்லை.

நேற்றே கடைக்குப் போய் எல்லாம் வாங்கி வந்துவிட்டான். குவார்க் என்கிற பச்சைப் பாலாடைக்கட்டி, ரவை, முட்டை, வெண்ணெய், ஒரு எலுமிச்சை. வெந்த உருண்டையைப் புரட்டி எடுக்க ரொட்டித் தூளை வெண்ணெயில் வறுத்துத் தயாராக வைத்திருந்தான். அது மட்டும் பொன்னிறமாக வந்திருந்தது. பிளம்ஸ் பழத்தை வேகவைத்து இறக்கியாயிற்று. புரட்டுவதற்குத்தான் ஒன்றும் இல்லை.

இன்னும் ரவையைக் கொட்டிப் பிசைந்தான். பிடித்துப் போட்டான். அதுவும் கரைந்தது.

"நல்லாத்தாம்ப்பா வாசனை வருது," என்றாள் ரெஸி.

அந்தப் பரிவுதான் அவனைக் கிளப்பிவிட்டது. போனை எடுத்தான்.

"யாருக்குப்பா?"

"உன் ஹென்னிங்குக்குத்தான். எப்படிப் பண்றான்னு கேட்டுடறேன்."

ரெஸியின் முகம் வெளிறிப்போனது. "வேண்டாம்ப்பா. அவர்கிட்ட கேக்காத. நான் இதையே சாப்பிடறேன்."

அப்பன் போய் அவனிடம் தலைகுனியக் கூடாது என்று நினைக்கிறாள். ரூபெர்ட்டுக்கு அது இன்னும் சுட்டது. கையெல்லாம் மாவு. சுண்டுவிரலால் எண்ணைத் தட்டி, ஸ்பீக்கரில் போட்டு, ரவைப் பொட்டலத்தின் மேல் போனைச் சாய்த்து வைத்தான்.

"ஹென்னிங், ரூபெர்ட் பேசறேன். ரெஸி நல்லா இருக்கா, அதுக்கில்ல. அந்தப் பாலாடைக்கட்டி உருண்டை... தண்ணில போட்டா உடையுது. நீங்க என்னதான் பண்றீங்க?"

அந்தப் பக்கம் ஹென்னிங் சிரித்தான். சந்தோஷமான சிரிப்பு இல்லை.

"என்னைக் கேக்கறீங்களா? குத்திக் காட்டத்தான் போன் போட்டீங்களா?"

"குத்திக் காட்ட என்ன இருக்கு?"

"பின்ன என்னங்க? நானும் வருஷக்கணக்கா முட்டி மோதறேன். ரெஸி தட்டை வழிச்சுச் சாப்பிட்டு முடிச்சிட்டு, 'நல்லாத்தான் இருக்கு, ஆனா எங்கப்பா பண்ற மாதிரி இல்ல'ம்பா. ஒவ்வொரு தடவையும். ஞாயித்துக்கிழமை லாரிய விட்டு எறங்கினதும் நேரா அடுப்படிக்குப் போயி அவளுக்குப் பண்ணிக் குடுப்பீங்களாமே. அவள மேடை மேல உக்கார வெச்சு, ஒண்ணொண்ணா ஊதி ஊதி ஊட்டுவீங்களாம். அப்படி என்னதாங்க போடறீங்க அதுல?"

அந்த ஞாயிற்றுக்கிழமைகள் ரூபெர்ட்டுக்கு நன்றாகவே நினைவிருந்தன.

கிடங்கு வேலைக்கு வருமுன், போலந்திலிருந்தோ ஸ்பெயினிலிருந்தோ லாரி ஓட்டிவந்து, பூட்ஸைக்கூடக் கழற்றாமல் சோபாவில் விழுவான். பிர்கிட் ஜன்னல் திரையை இழுத்துவிடுவாள். குழந்தை சிரித்தாலும் அழுதாலும், படுத்தபடியே கத்துவான். இருட்டியதும் எழுந்து மறுபடி கிளம்பிவிடுவான். ரவையைக் கையால் தொட்டதே இன்றைக்குத்தான்.

ரெஸி தட்டின் விளிம்பை நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்தாள். காது மடல் இரண்டும் சிவந்திருந்தன. அவள் மூச்சு விடுகிற மாதிரியே தெரியவில்லை.

"ஹலோ? இருக்கீங்களா?"

"இருக்கேன்." கையில் ஒட்டிய மாவைத் துடைத்தான். "அதெல்லாம் கைப்பக்குவம், ஹென்னிங். சொல்லிக் குடுத்து வராது. நாளாச்சுல்ல, எனக்கே மறந்துபோச்சு."

"அதானே பாத்தேன்." ஹென்னிங்கின் குரல் இளகியது. "நான் குவார்க்கைத் துணில கட்டி ராத்திரி பூரா வடியவிடுவேன். மாவு பிசைஞ்சு அரைமணி ஊறணும். தண்ணி தளதளன்னு கொதிக்கக் கூடாது, சும்மா அசைஞ்சாப் போதும். என்னோடது இவ்வளவுதான். உங்களுது வேற."

போன் அணைந்தது.

ரெஸி எழுந்து வந்தாள். பானையிலிருந்த கூழைத் தட்டில் ஊற்றி, வறுத்த ரொட்டித் தூளை மேலே தூவி, அடுப்போரம் நின்றபடியே சாப்பிட ஆரம்பித்தாள்.

ரூபெர்ட் அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். வயிற்றெரிச்சல் தீரவில்லை. ஆள்தான் மாறியிருந்தது.

ஞாயிற்றுக்கிழமைகளில் லாரியை விட்டு இறங்கியதும் நேராக அடுப்படிக்குப் போனானாமே, அந்த அப்பன் மேல்.