மேல்கைப் பச்சை

ஆம்பூரில் தோல் பதனிடும் ஷாப்பில் ஈரத்தோலில் வழுக்கி விழுந்த தனபாக்கியத்துக்கு மேல்கை எலும்பு முறிந்துவிட்டது.

"அறுத்துத்தான் சேர்க்கணும். முன்பக்கமா அறுத்தா ஆபத்து கம்மி" என்றார் டாக்டரம்மா.

"அங்க கத்தி வெக்காதீங்கம்மா! அவரு கோலார் சுரங்கத்துக்குப் போனப்புறம், அவரு பேரை அங்கதான் பச்சை குத்திக்கினேன். வந்தா காட்டணும்."

"பின்பக்கம் நரம்பு ஓடுது. அது போச்சுன்னா கை தொங்கிடும்."

"தொங்கினா தொங்கட்டும்."

எலும்பு கூடியது. மணிக்கட்டு தொங்கிவிட்டது. வேலையும் போயிற்று.

ஊர் திரும்பிய புருஷன் தணிகைவேல் அந்தக் கையைத் தூக்கிப் பார்த்தான். முகம் கறுத்தது.

"எவன்டி இந்த ஆறுமுகம்?"

அவளுக்கு எழுத்து தெரியாது. புருஷன் பேரை வாயால் சொல்லக் கூடாதென்று, பச்சை குத்தியவனிடம் "முருகன் சாமி பேருதான்" என்று மட்டும் சொல்லியிருந்தாள்.