பதினொரு மணிப் பால்

உலகத் தொழிலாளர் சமூகத்துக்கு ஒரு முக்கிய அறிவிப்பு. நூறாண்டுப் போராட்டமும், பல நாட்டு மாநாடுகளும், தலையணை கனத்தில் அச்சடித்த ஒப்பந்தங்களும் வீண்போகவில்லை. திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில், இன்று காலை எட்டே முக்காலுக்கு, குழந்தைகள் காப்பகம் திறக்கப்பட்டது.

தொழிலாளர் நலத்தைச் சரிபார்க்க, பனியன் வாங்கும் வெளிநாட்டு பையரின் சார்பில் ஒரு மேடம் பத்து மணிக்கு வருகிறார். ஆடிட். தேறினால்தான் அடுத்த ஆர்டர்.

தையல் லைனில் வேலை பார்க்கும் அவள் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு காப்பக வாசலில் நின்றாள்.

உள்ளே புதுப் பாய். இரண்டு தொட்டில். சுவரில் யானை, வாத்து. விலைச்சீட்டு கிழிக்காத ஒரு கிலுகிலுப்பை. கம்பெனியைக் கூட்டிப் பெருக்கும் பாப்பாத்தி அக்காவுக்கு வெள்ளைக் கோட்டு மாட்டி ஆயா ஆக்கியிருந்தார்கள்.

குறைந்தது ஆறு குழந்தையாவது வேண்டும் என்று எச்.ஆர். ஆபீசர் திருமூர்த்தி லைன் லைனாகப் போய்க் கேட்டிருந்தார். ஐந்து தேறியது. ஆறாவது அவளுடையது. பெண். ஏழு மாதம்.

"அம்மிணி, மேடம் கேட்டா தினமும் கூட்டிட்டு வர்றேன்னு சொல்லோணும். ரெண்டு வேளை பால் குடுக்க விடறாங்கன்னு சொல்லோணும். அதுக்கு மேல வாயத் தொறக்கக் கூடாதுங்."

தலையாட்டினாள்.

மற்ற நாட்களில் குழந்தை பக்கத்து வீட்டில் இருக்கும். புட்டிப்பால்.

பதினொரு மணிக்கு அங்கே அது அழுகிறதோ இல்லையோ, இங்கே இவளுக்குச் சுரந்துவிடும். கடிகாரம் பார்க்க வேண்டாம். ரவிக்கைக்குள் மடித்து வைத்த வேஸ்ட் துணி நனையும். சூப்பர்வைசரிடம் டோக்கன் வாங்கிக்கொண்டு கக்கூசுக்குப் போவாள். வாஷ்பேசினில் பீய்ச்சிவிட்டு, குழாயைத் திறந்துவிட்டு வருவாள். போக வர ஐந்து நிமிடம்.

மூன்று மாதமாக இப்படி.

பகலில் குழந்தை சப்பாவிட்டால் வற்றித்தான் போகும் என்று நர்ஸ் சொல்லியிருந்தாள்.

நேற்று துணி நனையவே இல்லை.

இன்று பதினொன்றுக்குக் காப்பகத்துக்கு அவளைக் கூப்பிட்டார்கள். ஜன்னலோரம், சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். குழந்தை முகத்தைத் திருப்பிக்கொண்டது. பகலில் புட்டிதான் அதற்குப் பழக்கம். பிறகு மூக்கால் உரசியது. பிறகு பிடித்துக்கொண்டது.

கொஞ்ச நேரம் ஒன்றும் வரவில்லை.

பிறகு வந்தது.

அந்த நேரம் பார்த்து மேடம் உள்ளே வந்தார். கையில் டேப்லெட். பெங்களூர்த் தமிழ். கதவோரம் திருமூர்த்தி, பெண் பார்க்க வந்த வீட்டில் பெண்ணின் அப்பா நிற்பதுபோல் நின்றார்.

"டெய்லி பேபியக் கூட்டிட்டு வருவீங்களா?"

ஆமாம் என்றால் போதும். அவளுக்குக் கொடுத்த பாடமே அவ்வளவுதான்.

அவள் அதோடு நிறுத்தவில்லை.

"தினமும்தாங்க மேடம். பதினோரு மணிக்கு ஒருக்கா, மூணரைக்கு ஒருக்கா. இந்த ஜன்னலோரந்தான் எங்க எடம், வேற யாரும் உக்கார மாட்டாங்க. மூணரைக்குக் குடிக்கிறது பூராம் வெளையாட்டு, தாலிக்கயித்தப் பிடிச்சு இழுத்துக்கிட்டே கெடப்பா. பாப்பாத்தி அக்கான்னா ஒட்டிக்குவா. நான் மிஷினுக்குப் போனா ஒரு மூச்சு அழுவா. அப்புறம் அந்த வாத்தையே பாத்துட்டு இருப்பா. வாத்துன்னா உசுரு."

திருமூர்த்திக்கே சந்தேகம் வந்துவிட்டது. நமக்குத் தெரியாமல் இந்த அறை தினமும் திறந்துதான் இருந்திருக்கிறதோ?

மேடம் எல்லாவற்றையும் பதிந்துகொண்டார். போகும்போது குழந்தையின் பாதத்தை ஒரு விரலால் தொட்டுவிட்டுப் போனார்.

கம்பெனிக்கு நூற்றுக்குத் தொண்ணூற்றாறு. முதலாளி எல்லாருக்கும் லட்டு கொடுத்தார். நாலு மணிக்கு அறையைப் பூட்டினார்கள்.

மறுநாள் காலை அவள் குழந்தையோடு வந்து நின்றாள்.

"ஏனுங் அம்மிணி, ஆடிட்டுதான் முடிஞ்சு போச்சுங்களே!"

"தினமும்னு சொல்லிட்டேன் சார்." குழந்தையை இடுப்பில் ஏற்றிக்கொண்டாள். "மேடமும் எழுதிக்கிட்டாங்க."

"அது ஒரு பேச்சுக்குச் சொல்றதுங்."

"அடுத்த தடவை சொல்லாமக் கொள்ளாம வருவாங்களாம்ல சார்?"

திருமூர்த்தி பதினெட்டு வருடமாகப் பொய்களை ஃபைல் போட்டு அடுக்கியவர். ஒரு பொய் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு மறுநாள் காலையில் வேலைக்கு வரும் என்று எந்தப் பயிற்சி வகுப்பிலும் அவருக்குச் சொல்லித்தரவில்லை. முதலாளிக்குப் போன் போட்டார். எடுக்கவில்லை. மறுபடி போட்டார்.

கூட்டிக்கொண்டே வந்த பாப்பாத்தி அக்கா துடைப்பத்தைச் சுவரில் சாத்தினாள். கையைச் சேலையில் துடைத்தாள். ஒன்றும் கேட்காமல் குழந்தையை வாங்கிக்கொண்டாள்.

"நீ போ கண்ணு, லைன் ஓட ஆரம்பிச்சிருச்சு."

பிறகு அவரைப் பார்த்துக் கையை நீட்டினாள். "சாவியக் குடுங்க சார். புள்ளைய வெயில்லயா வெச்சிருக்கிறது?"

கொடுத்தார். "இன்னைக்கு ஒரு நாளைக்குத்தானுங்" என்றார், யாரையும் பார்க்காமல்.

அவள் தைத்தாள். பீஸ் பீஸாகக் கழுத்துப் பட்டி ஓடிக்கொண்டிருந்தது. பத்தே முக்காலுக்கே நெஞ்சு கனத்தது. துணி நனைந்தது.

பதினொன்றுக்கு மிஷினை நிறுத்திவிட்டு எழுந்தாள். சூப்பர்வைசர் வழக்கம்போல் டோக்கனை நீட்டினார். வேண்டாம் என்றாள். கட்டிங் டேபிளைத் தாண்டி, அயர்ன் செக்சனைத் தாண்டி, காப்பகத்துக்கு ஓடினாள்.

குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. அது விழிக்கட்டும் என்று ஜன்னலோரம், தங்கள் இடத்தில் போய் உட்கார்ந்தாள்.