இன்னொரு வாரிசு

"மூலப்பத்திரம் எங்கேம்மா?" என்று முதல் தடவை கேட்டார் பதிவு அதிகாரி. தேடிக் கொடுத்தாள். அடுத்த தடவை வில்லங்கச் சான்று, அப்புறம் வரி ரசீது. நடையாய் நடந்து செருப்புதான் தேய்ந்தது. மருத்துவமனையில் கணவரின் அறுவை சிகிச்சை, இந்த நிலத்தை விற்று வரும் பணத்துக்காகத் தள்ளிப்போய்க்கொண்டே இருந்தது.

இன்று எல்லாக் காகிதமும் சரியாக இருந்தது.

"அப்பா சொத்தாச்சே! வாரிசு எல்லாரும் கையெழுத்துப் போடணும். இன்னொருத்தர் எங்கே?" என்றார் அதிகாரி.

நிலம் வாங்க வந்தவருக்குப் பொறுமை போயிற்று. "அவரைக் கையோட கூட்டிட்டு வரக்கூடாதாம்மா? என்னையும் சேர்த்து அலைய விடுறீங்களே!"

அவளுக்கு அழுகையும் ஆத்திரமும் முட்டிக்கொண்டு வந்தன. மேசைமேல் கிடந்த பேனாவை எடுத்து அதிகாரியிடம் நீட்டினாள்.

"அப்பா பெத்தது உன்னையும் என்னையும்தானே, அண்ணே!"

அவர் பேனாவை வாங்கவில்லை. எழுந்து வெளியே போய்விட்டார்.