ஒருநாள் குடிமகள்

இரண்டு வல்லரசுகள் மோதிக்கொண்ட நகரத்தில், நாகர்கோவிலிலிருந்து வேலைக்குப் போயிருந்த நர்ஸ் செலின் நிறைமாதக் கர்ப்பிணியாக மாட்டிக்கொண்டாள். இரு தரப்புக்கும் வேண்டிய நாடாக மலேசியா ஒன்றுதான் மிஞ்சியிருந்தது. சிக்கியவர்களுக்கு அது தன் குடியுரிமையை ஒரு நாளுக்குக் கொடுத்தது. அதன் குடிமக்களை இரு படைகளும் தொடுவதில்லை.

செலினின் நாள் மதியம் பன்னிரண்டோடு முடியும். ஆனால் வழியிலேயே வலி கண்டுவிட்டது. கூட வந்த மலேசியத் தூதரக அதிகாரி கோமளா வண்டியை ஓரங்கட்டச் சொல்லிப் பிரசவம் பார்த்தாள். பெண் குழந்தை. எல்லைச் சாவடியை அடைந்தபோது மணி ஒன்றரை.

நேரம் கடந்துவிட்டது, செலின் இறங்க வேண்டும் என்றான் சிப்பாய்.

செலின் குழந்தையைக் கோமளாவிடம் நீட்டினாள். "எனக்க பிள்ளையக் கொண்டு போயிருங்க. அதுவாவது பிழைக்கட்டும்."

கோமளா வாங்கவில்லை. "ஒரு நாள் கணக்கு உங்களுக்குத்தாம்மா. இவ பதினோரு மணிக்கே எங்க குடிமகளுக்குப் பிறந்தவ. ஆயுசுக்கும் எங்க பிள்ளை."

பிறகு சிப்பாயிடம் அவன் மொழியில் கேட்டாள். "எங்க நாட்டுப் பச்சைக் குழந்தைய தாய்கிட்டருந்து பிரிக்கப் போறீங்களா?"

அவன் மேலிடத்தைக் கேட்டான். வெகுநேரம் கழித்துத் தடுப்பு உயர்ந்தது.

எல்லையைத் தாண்டியதும் செலின் குழந்தையை மடியில் கிடத்தினாள். கோமளாவின் கையை எடுத்துக் கண்களில் ஒற்றிக்கொண்டாள்.